ரெகொபெயாமின் எழுபத்தொன்பதாம் ராணி

எருசலேமிலுள்ள எங்கள் வேதாகமத் தலங்கள் ஆய்வு நிறுவனத்தில் பானையைக் கண்டெடுத்தவன் உதவி ஆய்வாளன். கோட்டை வாசலைக் கண்டெடுத்தவன் விரிவுரையாளன். ராஜாவைக் கண்டெடுத்தவன் பேராசிரியன். தாவீதையே கண்டெடுத்துவிட்டால் அவன் உயிரோடிருக்கும்போதே அவன் பேரில் ஒரு மாடி எழுப்பிவிடுவார்கள். நான் இளைஞனாக ஒரு பானையோடு உள்ளே நுழைந்தேன். ஐம்பத்தெட்டு வயதில், தலைமுடி போய், முழங்கால் போய், மனைவியும் ஹைஃபாவிலிருக்கும் தன் அக்கா வீட்டுக்குப் போன பிறகு, என் கையில் இன்னும் நிறையப் பானைகள் இருந்தன.

மனைவியைக் குறை சொல்ல முடியாது. மூவாயிரம் வருடத்துப் பானையைச் சில்லு சில்லாகப் பொறுக்கி ஒட்டுகிறவன் வீட்டுக் குழாய்க்கு ஒரு வாஷர் போடமாட்டானா என்று அவள் எதிர்பார்த்தாள். போட்டேன். கீழ்வீட்டுக் கூரை வரை ஈரம் போனது.

நான் தோண்டும் மேட்டின் பெயர் தெல் ஹரூவ். யூதேய மலையடிவாரத்தில், திராட்சைத் தோட்டங்களுக்கு நடுவே, குப்புறக் கவிழ்த்த சட்டி மாதிரி கிடக்கும். வேதாகமத்தில் இதன் பெயர் வருகிறதா என்றால், வரவில்லை என்று யாராலும் நிரூபிக்க முடியாது என்பதுதான் நிறுவனத்தின் அதிகாரபூர்வ நிலை. எனக்குத் தெரிந்தவரை எந்த ராஜாவும் குதிரைக்குத் தண்ணீர் காட்டக்கூட இந்தப் பக்கம் வந்ததில்லை.

எங்கள் இயக்குநர் அமத்சியா என்னைப் போல் பானையோடு நின்றுவிட்டவர் இல்லை. அவர் சாலொமோனைக் கண்டெடுத்தவர். வடக்கே ஓரிடத்தில் அவருக்கு ஓட்டை போட்ட கல் ஒன்று கிடைத்தது. ஓட்டை இருந்தால் கயிறு கட்டலாம். கயிறு கட்டினால் குதிரை. குதிரை என்றால் சாலொமோன். அந்தக் கல் இப்போது நிறுவனத்தின் வரவேற்பறையில் கண்ணாடிப் பெட்டிக்குள் இருக்கிறது. புதிதாக வேலைக்குச் சேருகிறவர்கள் அதற்கு முன் நின்று ஒரு நிமிடம் மௌனம் காக்க வேண்டும். நான் இரண்டு நிமிடம் காத்தேன். எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது, அடக்க நேரம் தேவைப்பட்டது.

பஸ்காவுக்கு ஒரு கண்டுபிடிப்பு, கிறிஸ்துமஸுக்கு ஒரு கண்டுபிடிப்பு என்று எங்களுக்கு வருடத்தில் இரண்டு விளைச்சல். பண்டிகை நெருங்கும்போது பத்திரிகைக்காரர்கள் தொலைபேசியில் கூப்பிட்டு, "இந்தத் தடவை யாரு?" என்று கேட்பார்கள். என்ன என்று கேட்பதில்லை. யாரு என்றுதான்.

அந்தக் கோடையில் எனக்கு ஒருவன் கிடைத்தான். பெயர் தெரியாது.

இரண்டே அறையுள்ள வீடு. ஏதோ ஒரு படையெடுப்பில் எரிந்து சரிந்து, அப்படியே மண்ணுக்குள் அடங்கியிருந்தது. மூலையில் ரொட்டி சுடும் மண் அடுப்பு. அந்த அடுப்பு விரிசல் விட்டிருக்கிறது. வீட்டுக்காரன் களிமண் குழைத்து அடைத்திருக்கிறான். பொருந்தாத மண். மறுபடி விரிசல். மறுபடி மண். கடைசியில் ஒரு ஜாடியின் வயிற்றை உடைத்து, அந்தச் சில்லுகளை அடுப்பைச் சுற்றிலும் செருகி வைத்திருக்கிறான். எதிர் மூலையில் இன்னொரு அடுப்பு இருந்தது. சின்னது, கச்சிதமானது, ஒரு கீறல்கூட இல்லை. அது யார் வைத்தது என்று எனக்குப் பார்த்தவுடன் தெரிந்துவிட்டது. அவள் ஒரு வார்த்தை பேசாமல் வைத்திருப்பாள். அந்த மௌனத்தை நான் நன்றாக அறிவேன்.

மழைத்தண்ணீர் உள்ளே வராமலிருக்க வாசற்படியை உயர்த்தியிருந்தான். கோணலாக உயர்த்தியதில் தண்ணீர் உள்ளே வருவதற்கென்றே ஒரு வழி உண்டாகியிருந்தது. நான் அந்தப் படியில் உட்கார்ந்து வெள்ளரிக்காயும் அவித்த முட்டையும் தின்பேன். என் தொழில் வாழ்க்கையில் முதல் தடவையாக என்னைப் போல் ஒருவனைக் கண்டுபிடித்திருந்தேன். அவனைப் பற்றி ஒரு புத்தகம் எழுதலாம் என்று தோன்றியது. ராஜா இல்லாத புத்தகம்.

அமத்சியா என்னை எருசலேமுக்குக் கூப்பிட்டார்.

"நப்தலி, உக்காரு. டாகெட் வியாழக்கிழமை வர்றாரு," என்றார். டாகெட் எங்கள் புரவலர். அமெரிக்காவில், ஆர்கன்சாவில் கோழி உறைய வைக்கும் ஆலை வைத்திருப்பவர், பக்திமான். "அவரு தாவீதைத்தான் கேட்டாரு. உன் மேட்டுல தாவீது வரமாட்டாருன்னு நீயே எழுதிக் குடுத்துட்ட. நான் பேசிப் பேசி அவரைப் பேரன்வரைக்கும் எறக்கி வச்சிருக்கேன். ரெகொபெயாம். அதுக்குக் கீழ எறங்கினா நமக்கு மரியாதை இல்ல."

"ரெகொபெயாமுக்கு அங்க என்ன சார் இருக்கு?"

"அந்த வீட்டுக்குக் கீழ ஒரு சுவரு தெரியுதுல்ல. அதான் அரண்மனை."

"தோட்டத்துச் சுவராக்கூட இருக்கலாம் சார்."

"இருக்கட்டும். ரெகொபெயாமுக்குத் தோட்டம் இருக்கக் கூடாதா?"

எங்கள் தொழிலில் கீழே இருப்பதைப் பார்க்க வேண்டுமானால் மேலே இருப்பதை எடுத்துவிட வேண்டும். படம் வரைந்து, எண் போட்டு, பிறகு கடப்பாரை. "மேல ஒரு வீடு இருக்கு சார்," என்றேன்.

"யாரு வீடு?"

"தெரியாது."

"தெரியாதவன் வீட்டுக்கு எவன் நன்கொடை குடுப்பான்?" என்று அமத்சியா பரிவோடு கேட்டார். "உனக்கு வயசாச்சு, இன்னும் இந்தத் தொழில் புடிபடலையே. முதல்ல கண்டுபிடிக்கணும், அப்புறம் தோண்டணும். தோண்டிட்டு என்ன இருக்குன்னு பாக்கறவன் சாக்கடைக் குழாய் பதிக்கற ஆளு. உன் ஒப்பந்தம் இந்தப் பருவத்தோட முடியுது. ராஜா வந்தா நீ பேராசிரியர். வரலேன்னா, ஹைஃபா நல்ல ஊரு, கடல் காத்து வரும். வியாழக்கிழமைக்குள்ள அந்த வீட்டை எடுத்துடு."

வெளியே வந்து ஓட்டைக் கல்லுக்கு முன் நின்றேன். இந்தத் தடவை சிரிப்பு வரவில்லை.

இந்த நாட்டில் ஓர் அகழ்வாய்வை நிறுத்தும் வல்லமை ஒன்றே ஒன்றுக்குத்தான் உண்டு. மனித எலும்பு. ஒரு விரல் எலும்பு தென்பட்டாலும் போதும், விடிவதற்குள் கறுப்பு அங்கி போட்ட வைதீக யூதர்கள் வண்டி வண்டியாக வந்து குழிக்குள் படுத்துக்கொள்வார்கள். முன்னோர் உறக்கத்தைக் கலைக்காதே என்று வேதத்துச் சங்கீதம் பாடுவார்கள். குழியை மண் போட்டு மூடிவிட்டுத்தான் எழுந்திருப்பார்கள். ஆகவே எங்கள் நிறுவனத்தில் ஒரு வழக்கம் இருந்தது: எலும்பு கிடைத்தால், கண்டெடுத்தவர் உடனே உரக்க "ஆடு" என்று சொல்ல வேண்டும். மண்டையோடாக இருந்தாலும் ஆடு. காதருகே வெள்ளிக் கம்மல் கிடந்தாலும் ஆடு. எங்கள் அறிக்கைகளை நம்பினால், இந்தத் தேசத்தில் பல நூற்றாண்டுகளாக மனிதர் எவரும் சாகவேயில்லை. ஆடுகள்தான் பாறையில் கல்லறை குடைந்து, தலைமாட்டில் விளக்கு வைத்துப் படுத்துக்கொண்டன.

நான் என் குழியில் எலும்பு தேடத் தொடங்கினேன். மனித எலும்பு கிடைக்க வேண்டும் என்று வேண்டிக்கொண்ட முதல் தொல்லியலாளன் நானாகத்தான் இருப்பேன். கிடைத்தால் குழியை மூடிவிடுவார்கள். வீடு மண்ணுக்கடியில் பத்திரமாகத் தூங்கும். நான் போன பிறகு, ராஜா தேவைப்படாத யாராவது வந்து திறந்து பார்க்கட்டும்.

செவ்வாய்க்கிழமை வாசற்படிக்கு அடியில் ஒன்று கிடைத்தது. நீளமான எலும்பு. அதைக் கைக்குட்டையில் சுற்றி ஷிஃப்ராவிடம் ஓடினேன். ஷிஃப்ரா எங்கள் எலும்பு நிபுணர். வேலைக்குச் சேர்ந்த நாளிலிருந்து ஆடு என்று எழுதிக்கொண்டிருப்பவள். என்னோடு ஒரே வருடத்தில் சேர்ந்தவள் என்பதால் என்னைக் கிண்டல் செய்ய அவளுக்கு உரிமை உண்டு.

"ஆடு," என்றாள்.

"நல்லாப் பாரு."

"நல்ல ஆடு. பொட்டை. குட்டி போட்டிருக்கும்."

"ஷிஃப்ரா, இத்தன வருஷமா எத்தன மனுஷங்கள ஆடாக்கியிருக்க. எனக்காக ஒரே ஒரு ஆட்டை மனுஷனாக்கு."

"அது வேற நப்தலி. அது நிறுவனத்துக்காகச் சொன்னது, கடமை. சொந்த ஆசைக்குச் சொன்னா அது பொய்யி."

"வீடு போயிடும்."

அவள் தர்பூசணித் துண்டைக் கீழே வைத்துவிட்டு என்னைப் பார்த்தாள். "உனக்கு வீட்டு மேல ஆசையா, வீட்டுக்காரி மேல ஆசையா?"

"வீட்டுக்காரன் மேல."

"அப்ப உன்னை யாராலயும் காப்பாத்த முடியாது," என்றாள்.

அந்தக் கறுப்பு அங்கிக்காரர்களின் கல்லறைக் காவல் சங்கத்தின் தொலைபேசி எண் எங்கள் எல்லாருக்கும் மனப்பாடம். மாமியார் வீட்டு எண் மாதிரி, கூப்பிடுவதற்காக அல்ல, வந்தால் எடுக்காமலிருப்பதற்காக. நான் கூப்பிட்டேன். சங்கத் தலைவர் ரபி யெகுத்தியேலே எடுத்தார்.

"வேதாகமத் தலங்கள் நிறுவனம், டாக்டர் நப்தலி பேசறேன்."

"எந்த எலும்பை மறைச்சீங்க?"

"மறைக்கல ரபி. ஒண்ணு கிடைச்சிருக்கு. வந்து தடுத்து நிறுத்துங்க."

"டாக்டரே, வெயில்ல தொப்பி போடாம நிக்கறீங்களா?"

வியாழக்கிழமை காலையில் வந்துவிட்டார்கள். இரண்டு வண்டி, ஒலிபெருக்கி, சங்கீதப் புத்தகங்கள். ரபி யெகுத்தியேல் பருத்த மனிதர்; குழிக்குள் இறங்க இரண்டு பேர் தாங்கிப் பிடிக்க வேண்டியிருந்தது. கைக்குட்டையை விரித்தேன். அவர் குனிந்து பார்த்தார். கையில் எடுத்துத் திருப்பினார். அவர் முகம் வாடியது.

"எங்கப்பாவுக்கு ஆடறுக்கற தொழிலு. இது ஆடு," என்றார். "டாக்டரே, முப்பது வருஷமா எங்க தாத்தாங்களை ஆடுன்னீங்க. இப்ப ஆட்டைத் தாத்தாங்கறீங்க. எங்க குடும்பத்துல யாரைத்தான் உங்களுக்கு ஒழுங்கா அடையாளம் தெரியும்?"

நான் மறைக்கவில்லை. வீட்டைக் காட்டினேன். அடுப்பைக் காட்டினேன். எதிர் மூலை அடுப்பையும் காட்டினேன். அவர் இரண்டையும் மாறி மாறிப் பார்த்துவிட்டுத் தாடிக்குள் சிரித்தார்.

"என் மச்சினன் கைவேலை மாதிரியே இருக்கு," என்றார். பிறகு பெருமூச்சு விட்டார். "ஆனா நான் என்ன பண்றது? வீட்டுக்காக எல்லாம் நாங்க படுக்க முடியாது. சங்கத்துப் பேரே கல்லறைக் காவல். செத்தவனுக்குத்தான் எங்க சட்டத்துல எடம். வாழ்ந்தவனுக்குன்னு ஒண்ணும் இல்ல."

ஒலிபெருக்கியை வண்டியில் ஏற்றத் தொடங்கினார்கள். அப்போதுதான் அமத்சியாவின் ஜீப் புழுதியோடு மேடேறி வந்தது. பக்கத்து இருக்கையில் டாகெட். கறுப்பு அங்கிகளைப் பார்த்ததும், வண்டி நிற்பதற்கு முன்பே, எந்த எலும்பு, எங்கே, யாருடையது என்று ஒன்றும் தெரியாமலே, இயக்குநர் ஜன்னலில் தலையை நீட்டி முழுக் குரலில் கத்தினார்.

"ஆடு. அது ஆடு."

ரபி யெகுத்தியேல் வண்டியின் படியில் வைத்த காலை எடுத்தார். மெதுவாகத் திரும்பினார்.

"நான் பாத்தேன், எனக்கு ஆடுன்னுதான் தோணுச்சு," என்றார் தம் ஆட்களிடம். "ஆனா முப்பது வருஷத்துல இந்த மனுஷன் ஆடுன்னு சொல்லி அது மனுஷனா இல்லாமப் போனது ஒரு தடவைகூடக் கிடையாது. என் கண்ணு தப்பலாம். இது தப்பாது. எறக்குங்கப்பா ஒலிபெருக்கியை."

இறக்கினார்கள். படுத்தார்கள். பாடினார்கள். என் நெஞ்சு நிறைந்தது. வீடு தப்பித்தது என்று நினைத்தேன். எங்கள் இயக்குநரை நான் எவ்வளவு குறைத்து மதிப்பிட்டிருந்தேன் என்பது அடுத்த சில நிமிடங்களில் தெரிந்தது.

டாகெட் தொப்பியைக் கழற்றி மார்பில் வைத்துக்கொண்டு இறங்கினார். நல்ல மனிதர், கண் கலங்கியிருந்தது. "யாருய்யா தவறிட்டாங்க?" என்றார்.

அமத்சியா குழியைப் பார்த்தார். பாடுகிறவர்களைப் பார்த்தார். புரவலரைப் பார்த்தார். "ராஜ குடும்பம்," என்றார்.

"ரெகொபெயாமா? அவரைத் தாவீதின் நகரத்துல அடக்கம் பண்ணாங்கன்னு வசனம் இருக்கே."

"அவரை அங்கதான். ஆனா அவருக்குப் பதினெட்டு மனைவிங்க, அறுபது மறுமனையாட்டிங்க. அதுவும் வசனம்தான். எழுபத்தெட்டுப் பேருல ஒருத்தர்கூடவா சார் காத்து வாங்க இந்தப் பக்கம் வந்து செத்திருக்க மாட்டாங்க?"

டாகெட் புழுதியில் மண்டியிட்டார். குழிக்குள் சங்கீதம் நின்றது. தாவீதின் வீட்டு மருமகள் என்றதும் ரபியின் ஆட்கள் எழுந்து அங்கியைத் தட்டிக்கொண்டார்கள். ரபி என்னைப் பார்த்தார். நான் அவரைப் பார்த்தேன். பிறகு அவர் இயக்குநரின் கையைப் பிடித்துக் குலுக்கினார். இரண்டு தலைமுறையாக நீதிமன்றத்தில் மட்டுமே பேசிக்கொண்ட இரண்டு நிறுவனங்கள் ஒரு பெட்டை ஆட்டின் தொடை எலும்பின் மேல் சமாதானமாயின.

அதற்குப் பிறகு எல்லாம் ஒழுங்காக நடந்தது. ராணியை மூட முடியாது என்று முடிவாயிற்று. ராணிக்கு மண்டபம் வேண்டும். மண்டபத்துக்குச் சலவைக்கல் தரை வேண்டும். பெண்கள் வரிசைக்குக் கம்பித் தடுப்பு வேண்டும். தரைக்கு அஸ்திவாரம் வேண்டும், ஆகவே வீட்டை எடுத்துவிட வேண்டும். "மரியாதையோட எடுக்கணும்," என்று தீர்மானத்தில் சேர்க்கச் சொன்னவர் அமத்சியா. அரண்மனைச் சுவரை யாரும் தேடவில்லை. கீழே போய்ப் பார்த்து ராணியின் மனதைப் புண்படுத்த வேண்டாம் என்று இரு தரப்பும் ஒப்புக்கொண்டன. நான் பேராசிரியரானேன்.

அடிக்கல் நாட்டு விழாவில் கான்கிரீட் லாரி மேட்டுக்குக் கீழே கலவையைச் சுழற்றியபடி நின்றிருந்தது. அமத்சியா பேசினார்: "எங்களுக்கு ஆதாரம் முக்கியம். ஆதாரத்தை நாங்க யாருக்காகவும் விட்டுக் குடுத்ததில்ல. கேட்டவங்களுக்கு எல்லாம் குடுத்திருக்கோம்." கைதட்டினார்கள். ராணியைக் கண்டெடுத்தவர் பேசுவார் என்று ஒலிவாங்கியை என் கையில் கொடுத்தார்கள்.

அடுப்பு இன்னும் நின்றுகொண்டிருந்த மூலையில் அதற்குள் கயிறு கட்டிச் சுண்ணாம்புக் கோடு போட்டிருந்தார்கள்.

"எல்லாரும் மன்னிக்கணும்," என்றேன். "அது ஆடு. எனக்கு அன்னிக்கே தெரியும். டாக்டர் ஷிஃப்ராவுக்கும் தெரியும். இங்க ராணி யாரும் இல்ல. இங்க ஒரு குடும்பம் இருந்துச்சு. தயவுசெஞ்சு லாரியைத் திருப்பி அனுப்புங்க."

பின்வரிசையில் ஒரு கிழவி விம்மினாள். "அவரும் சொல்லிட்டாருடி," என்று பக்கத்திலிருந்தவளைக் கட்டிக்கொண்டாள். "ஆடுன்னு இவரும் சொல்லிட்டாரு. இனிமே சந்தேகமே இல்ல." ஆமென் என்று ஒரு குரல் எழுந்தது, பிறகு எல்லாக் குரல்களும். டாகெட் வந்து என்னை அணைத்துக்கொண்டு, என் தாழ்மை அவரை உலுக்கிவிட்டதாகச் சொன்னார். ஷிஃப்ராவைத் தேடினேன். அவளும் எழுந்து நின்று ஆடு, ஆடு என்று கத்திக்கொண்டுதான் இருந்தாள். அவளைச் சுற்றியிருந்தவர்கள் அவள் கையைப் பிடித்து முத்தமிட்டுக்கொண்டிருந்தார்கள்.

லாரி மேலே வந்தது. அடுப்புகள் உடையும்போது ஒரு சத்தமும் கேட்கவில்லை. சுட்ட மண்தானே, கான்கிரீட்டின் இரைச்சலில் என்ன கேட்கும்.

பேராசிரியருக்கு மண்டப வாசலில் ஒரு நாற்காலி. அங்கேதான் இப்போது வேலை. கல்யாணமாகாத பெண்கள் வருகிறார்கள், பிள்ளை இல்லாதவர்கள் வருகிறார்கள். ராணி கைவிடுவதில்லை என்று பெயர் வாங்கிவிட்டாள். கேட்கிறவர்களுக்கு ரெகொபெயாமின் வரலாற்றைச் சொல்ல வேண்டும் என்பது என் பணி. பெரும்பாலும் யாரும் கேட்பதில்லை.

போன மாதம் ஒருத்தி கேட்டாள். பெயெர்ஷெபாவிலிருந்து இரண்டு பேருந்து மாறி வந்தவள், ஐம்பது வயதிருக்கும். தலையில் கட்டியிருந்த துணி நனைந்திருந்தது, வெளியே மழை.

"நீங்கதானே கண்டுபிடிச்சீங்க," என்றாள். "அவங்க எப்படிப்பட்ட பொம்பளைங்க? நாம சொன்னா காதுல வாங்கிப்பாங்களா? ராணிங்கறாங்க, எனக்கு ராணிகிட்ட என்ன பேசறதுன்னு தெரியல."

எழுதாத புத்தகத்தின் முதல் வரி எனக்குத் தானாக வந்தது. "அவங்க வீட்டுக்காரருக்கு ஒரு வேலையும் உருப்படியாச் செய்யத் தெரியாதும்மா. அடுப்பைப் பூசிப் பூசிக் கெடுத்து வச்சாரு. அவங்க ஒண்ணும் சொல்லல. எதிர்ப்பக்கம் தனியா ஒரு அடுப்பு போட்டுச் சமைச்சுக்கிட்டாங்க. ஆனா அவரு அடுப்பை இடிக்கல. கடைசிவரைக்கும் அப்படியே விட்டு வச்சிருந்தாங்க."

அவள் சந்தேகமாகப் பார்த்தாள். "ராணிக்கு எதுக்குங்க அடுப்பு?"

"எழுபத்தெட்டுப் பேரும்மா," என்றேன். "எல்லாருக்கும் சமையல்காரி கிடைப்பாளா?"

என் வாயிலிருந்து அமத்சியா பேசியதைக் கேட்டேன். என்ன செய்வது, அந்தக் கதை வெளியே வர வேறு வாசல் இல்லை.

அவளுக்கு அது போதுமானதாக இருந்தது. "எங்க வீட்டுல சலவை மிஷினு," என்றாள். "அவரு ரிப்பேர் பண்ணதுலேருந்து அது நடக்குதுங்க. துணி போட்டா சமையல்கட்டுலேருந்து கூடத்துக்கு வந்துடும்." சிரித்தாள். சிரிப்பின் நடுவிலேயே முகம் உடைந்தது. "இப்ப ஆஸ்பத்திரியில கெடக்காரு. வலது கை வரல. பேச்சும் வரல. டாக்டருங்க ஒண்ணும் சொல்ல மாட்டேங்கறாங்க."

"உள்ள போய்ச் சொல்லுங்க," என்றேன். "அவங்களுக்குப் புரியும்."

அவள் செருப்பைத் துடைத்துக்கொண்டு உள்ளே போனாள். கதவு சரியாக மூடிக்கொள்ளவில்லை. சலவை மிஷின் கதையை அவள் ஆதியிலிருந்து தொடங்குவது கேட்டது. எந்த வருடம் வாங்கியது, முதலில் எந்தத் திருகு கழன்றது, அதற்கு அவர் என்ன சொன்னார், அவள் என்ன சொன்னாள்.

வரிசையில் அடுத்து நின்ற பெண் குடையை மடக்கியபடி, "என்ன இவ்வளவு நேரம்? உள்ள என்ன பண்றாங்க?" என்றாள்.

"ரெண்டு பேரும் வீட்டுக்காரங்களைப் பத்திப் பேசிட்டிருக்காங்க," என்றேன். "கொஞ்சம் பொறுங்க."